கயிறு அறுத்த காவலன்

சீன தேசத்தின் டியான்ஜின் நகரக் கோர்ட்டில், 2015-ஆம் வருஷம் ஜூன் மாதம் 11-ஆம் தேதி ஒரு தீர்ப்புக் கூறப்பட்டது. அன்று மாலை அந்நாட்டுச் சர்க்காரின் தொலைக்காட்சி சில நிமிஷங்களுக்கு ஒரு காட்சியைக் காட்டிற்று. இரு காவலர்களுக்கு நடுவே, தலை முழுவதும் நரைத்த முதியவர் ஒருவர் நின்று, தமக்கு விதிக்கப்பட்ட ஆயுள் தண்டனையை ஏற்றுக்கொள்வதாகவும், மேல் கோர்ட்டுக்குப் போகப் போவதில்லை என்றும் தாழ்ந்த குரலில் சொன்னார். அவர்தாம் ஜோ யோங்காங். மூன்றாண்டுகளுக்கு முன்புவரை அம்மாபெருந் தேசத்தின் போலீஸ், ஒற்றர் இலாகா, வழக்குத் தொடுக்கும் இலாகா, நியாயஸ்தலங்கள் ஆகிய அனைத்தும் யாருடைய கண்ணசைவுக்குக் காத்திருந்தனவோ, அவரேதான். கறுப்புச் சாயம் பூசிய தலையோடு மேடைகளில் வீற்றிருந்தவரை அந்நரைத்த கோலத்திற் கண்டு உலகம் திகைத்ததில் வியப்பில்லை.

பத்தாண்டுகளுக்கு முன் நடந்த இவ்விஷயத்தை, மன்னார் வளைகுடாவின் கரையிலிருந்து நாம் இப்போது எடுத்துப் பேசுவானேன் என்று வாசகர்கள் கேட்கலாம். காரணம் இருக்கிறது. நம் ஊர்த் துறைமுகத்து வாசலிலும், கோர்ட்டு வராந்தாவிலும், படித்தவர் கூடும் இடங்களிலும் ஒரு பேச்சை நாம் அடிக்கடி கேட்கிறோம். “சீனாவைப் பாருங்கள். அங்கே எவ்வளவு பெரிய மனிதனாயிருந்தாலும் லஞ்சம் வாங்கினால் பிடித்து உள்ளே போடுகிறார்கள். நம் நாட்டில் வழக்கு வாய்தா வாய்தாவாக இழுக்கிறது” என்பதே அப்பேச்சு. சொல்பவர்கள் கெட்ட எண்ணத்தோடு சொல்வதில்லை. நியாயம் தாமதப்படுவதைக் கண்டு மனம் புழுங்கியே சொல்கிறார்கள். ஆயினும் அப்பேச்சில் ஒரு பெரும் பிழை மறைந்திருக்கிறது என்பது நமது திடமான அபிப்பிராயம். ஜோ யோங்காங் என்பவரின் ஏற்றத்தையும் இறக்கத்தையும் அடி முதல் நுனி வரை ஆராய்ந்து பார்த்தால் அப்பிழை தானே விளங்கும்.

ஜோ 1942-ஆம் வருஷம் டிசம்பர் மாதம், ஜியாங்சு மாகாணத்தில் வூசி நகரை அடுத்த கிராமமொன்றில் எளிய குடும்பத்தில் பிறந்தவர். பீஜிங் பெட்ரோலியக் கல்லூரியில் பயின்றார். 1964-ல் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்தார். பின்னர் வடகிழக்கே குளிரில் உறையும் டாச்சிங் எண்ணெய் வயலில் வேலைக்கு அமர்ந்தார். லியாவோஹே எண்ணெய் வயலில் பல வருஷம் உழைத்துப் படிப்படியாக உயர்ந்தார். 1985-ல் பெட்ரோலிய இலாகாவின் உதவி மந்திரி. 1996-ல் சீன தேசிய பெட்ரோலியக் கம்பெனியின் தலைவர். 1998-ல் நில வள மந்திரி. 1999-ல் சிச்சுவான் மாகாணத்துக் கட்சிக் காரியதரிசி. இந்தப் பட்டியலைக் கண்ணுறும்போது ஒன்று தெளிவாகிறது. 2002-ஆம் வருஷ இறுதியில் அவர் பொதுஜனப் பாதுகாப்பு மந்திரியாக, அதாவது நாட்டின் போலீஸ் தலைவராக, நியமனம் பெறும்வரை அவர் போலீஸ்காரருமல்லர், சட்டம் பயின்றவருமல்லர். எண்ணெய்க் கிணறு தோண்டியவர். எண்ணெய் இலாகாவிலும் சிச்சுவானிலும் தமக்கு வேண்டியவர்களென்று ஒரு கூட்டத்தைச் சேர்த்து வைத்திருந்தவர். கட்சி கொடுத்தது, அவர் வாங்கிக்கொண்டார்.

2007-ல் அவர் கட்சியின் உச்சியிலுள்ள ஒன்பது பேர் கொண்ட பொலிட் பீரோ நிரந்தரக் குழுவில் ஒன்பதாவது ஆளாக ஏறினார். அத்துடன் மத்திய அரசியல் சட்ட விவகாரக் குழுவின் காரியதரிசிப் பதவியும் கிட்டிற்று. இந்தக் குழு இன்னதென்பதை நம் வாசகர்கள் நன்கு மனத்தில் வாங்கிக்கொள்ள வேண்டும். ஏனெனில், விஷயத்தின் உயிர்நிலை அங்கேதான் இருக்கிறது.

நம் நாட்டில் ஒருவனைப் பிடிப்பவர் போலீஸார், வழக்கை நடத்துபவர் சர்க்கார் வக்கீல், தீர்ப்பளிப்பவர் நீதிபதி. இம்மூவரும் மூன்று பேர் என்பதுதான் குற்றஞ்சாட்டப்பட்டவனுக்குள்ள முதற் பாதுகாப்பு. ஒருவர் தவறினால் மற்றவர் தடுக்கலாம். தடுக்காமற் போவதும் உண்டு. ஆனால் தடுக்க இடமிருக்கிறது. சீன தேசத்தின் ஏற்பாட்டில், பிடிப்பவர், வழக்காடுபவர், தீர்ப்பவர் ஆகிய மூவரும் ஒரே கட்சிக் குழுவின் கீழ் உட்கார்ந்திருக்கிறார்கள். அக்குழுவின் தலைவராக நாட்டின் உச்சியில் ஜோ இருந்தார். ஜில்லா வரையில் அதே ஏற்பாடுதான். பல மாகாணங்களில் போலீஸ் அதிபரே அக்குழுவின் தலைவராகவும் இருந்து, நீதிபதிகளுக்கு மேலே ஆசனம் போட்டு அமர்ந்திருந்தார். 2008-ல் சுப்ரீம் கோர்ட்டின் தலைமைப் பதவி வாங் ஷெங்ஜுன் என்பவருக்கு அளிக்கப்பட்டது. அவர் அதற்கு முன் ஜோவின் அதே குழுவில் பிரதம காரியஸ்தராக இருந்தவர். சட்டக் கல்வி பெற்றவரல்லர். கட்சியின் காரியம், ஜனங்களின் நலம், சட்டம் ஆகிய மூன்றையும் மேலாகக் கொண்டு நீதிபதிகள் நடக்க வேண்டுமென்பது அக்காலத்துப் போதனை. வரிசையில் சட்டம் எங்கே நிற்கிறது என்பதை வாசகர்களே பார்த்துக்கொள்ளலாம்.

இத்தகைய அதிகாரம் கையில் வந்ததும் ஜோ செய்ததென்ன? “ஸ்திரத்தன்மையைக் காத்தல்” என்பது அவர் காலத்து மந்திரம். கேட்பதற்கு இனிய மந்திரந்தான். நாட்டில் அமைதி வேண்டாமென்று சொல்பவர் யார்? ஆனால் அது நடைமுறைக்கு வந்த விதத்தைப் பாருங்கள். தன் நிலத்தைப் பறிகொடுத்த குடியானவன், கூலி கிடைக்காத தொழிலாளி, மகன் போலீஸ் காவலில் மாண்ட தாய் ஆகியோர் தலைநகரம் சென்று மனுக் கொடுப்பது சீன நாட்டின் பழைய வழக்கம். ஒரு ஜில்லாவிலிருந்து எத்தனை மனுக்காரர் தலைநகர் ஏறினார்கள் என்பதைக் கொண்டு அந்த ஜில்லா அதிகாரிகளின் பதவி உயர்வைத் தீர்மானிக்கும் முறையொன்று நிலைபெற்றது. மனுவின் எண்ணிக்கை குறைய வேண்டுமானால் குறையைத் தீர்க்கலாம். அல்லது மனுக்காரனைப் பிடித்து அடைக்கலாம். இரண்டாவது வழி சுலபமானது. எனவே சட்டத்தில் பெயரே இல்லாத இரகசியக் கொட்டடிகள் பீஜிங் நகரில் முளைத்தன. விசாரணையின்றியே போலீஸார் ஒருவனை வருஷக்கணக்கில் “உழைப்பின் மூலம் திருத்த” அனுப்பும் முறையும் வேலை செய்துகொண்டிருந்தது. அம்முறை 2013-ஆம் வருஷக் கடைசியில்தான் ஒழிக்கப்பட்டது.

எழுத்தாளர் லியூ சியாவ்போ அரசியல் சீர்திருத்தம் கோரும் சாசனமொன்றைத் தயாரிப்பதில் பங்கு கொண்டதற்காக 2009 டிசம்பரில் 11 வருஷ சிறைத் தண்டனை பெற்றதும், மறு வருஷம் நோபல் சமாதானப் பரிசு அவருக்குக் கிடைத்தபோது அதை வாங்க அவர் நாற்காலி வெறுமையாக இருந்ததும் ஜோவின் காலத்தில்தான். கலைஞர் ஐ வெய்வெய் 2011-ல் 81 நாட்கள் வெளியுலகம் அறியாத இடத்தில் வைக்கப்பட்டதும் அக்காலத்தில்தான். கண் பார்வையற்ற சட்ட ஊழியர் சென் குவாங்செங் வீட்டுக் காவலிலிருந்து 2012 ஏப்ரலில் சுவரேறிக் குதித்து அமெரிக்க ஸ்தானிகர் மாளிகையில் அடைக்கலம் புகுந்ததும் அக்காலத்தின் கடைசிப் பகுதியில்தான்.

செலவோ மலைபோல் ஏறிற்று. 2011-ஆம் வருஷத்துச் சீன வரவு செலவுத் திட்டத்தில் உள்நாட்டுப் பாதுகாப்புக்கென ஒதுக்கிய தொகை 62,440 கோடி யுவான். தேசப் பாதுகாப்புக்கு, அதாவது தரைப்படை, கடற்படை, ஆகாயப் படை அனைத்துக்கும் சேர்த்து ஒதுக்கியது 60,110 கோடி யுவான். மறு வருஷமும் அதே நிலைதான். அந்நியப் படையெடுப்பைக் காட்டிலும் சொந்தப் பிரஜைகளின் முணுமுணுப்புக்கு அதிகம் அஞ்சும் ஓர் அரசாங்கத்தின் கணக்கு இது. இந்தக் கணக்கை எழுதும் பேனா ஜோவின் பக்கம் இருந்தது.

நமது கரையின் பழங்கதை ஒன்று இங்கே நினைவுக்கு வருகிறது. முத்துக்குளிப்பு நடந்த காலத்தில், குளிகாரர்கள் கடலில் இறங்குமுன் “கடல் கட்டி” என்பவர் வர வேண்டும். மந்திரத்தால் சுறாவின் வாயைக் கட்டுவது அவருடைய தொழில். அவர் வந்தாலன்றிக் குளிகாரர் இறங்கார். அதனால் ஆங்கிலேய துரைத்தனமும் அவரை விலக்கவில்லை. பதிமூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் இப்பக்கம் வந்த மார்க்கோ போலோ, அத்தகைய மந்திரக்காரர்களுக்கு முத்தில் இருபதில் ஒரு பங்கு போயிற்று என்று எழுதிவைத்திருக்கிறார். அதைவிடக் கவனிக்கத் தக்கது அவர் குறித்த மற்றொரு விஷயம். பகலில் கட்டிய கட்டை மந்திரக்காரர் இரவில் அவிழ்த்துவிடுவாராம். இரவில் எவரும் இறங்கி முத்தைத் திருடக் கூடாதென்பதற்காக! சுறாவைக் கட்டுகிறவனுக்குச் சுறாவை அவிழ்க்கவும் தெரியும் என்பது இதன் பொருள். சுறாவின் பயம் எவ்வளவு அதிகமோ அவ்வளவு அவன் பங்கு அதிகம். சுறாவே இல்லையென்று ஆகிவிட்டால் அவன் பிழைப்பு என்ன ஆகும்? கலகத்தின் பயத்தைக் காட்டிப் பொக்கிஷத்தைத் திறக்கச் செய்யும் பாதுகாப்பு அதிகாரியின் நிலையும் இதுவே. கலகம் ஓய்வது அவனுக்கு ஆதாயமன்று.

இனி வீழ்ச்சியைப் பார்ப்போம். 2012-ஆம் வருஷம் பிப்ரவரி 6-ஆம் தேதி, சோங்சிங் நகரின் போலீஸ் அதிபராயிருந்த வாங் லிஜுன் என்பவர் செங்டு நகரிலுள்ள அமெரிக்கத் தூதரகத்துக்கு ஓடினார். ஒரு போலீஸ் அதிபர் தம் உயிருக்கு அஞ்சி அந்நியரிடம் ஓடினார் என்றால் அந்த ராஜ்யத்தில் சட்டத்தின் மதிப்பு என்ன என்பதை வேறு எவரும் சொல்ல வேண்டியதில்லை. அதன் விளைவாக அவருடைய தலைவர் போ சிலாய் பதவியிழந்து மறு வருஷம் ஆயுள் தண்டனை பெற்றார். போவின் பக்கம் நின்றவர் என்று கருதப்பட்டவர் ஜோ. 2012 நவம்பரில் ஜோ வயது காரணமாக ஓய்வு பெற்றார். நிரந்தரக் குழுவும் ஏழு பேராகச் சுருக்கப்பட்டது. சட்ட விவகாரக் குழுவின் காரியதரிசிக்கு அதில் ஆசனம் இல்லாமற் போயிற்று. போலீஸ் அதிகாரம் ஒரு கையில் இவ்வளவு குவிந்தது தவறு என்று புதிய தலைவர்கள் உணர்ந்தார்கள் போலும். தவறு ஜனங்களுக்கு என்று உணர்ந்தார்களா, தமக்கு என்று உணர்ந்தார்களா என்பதே கேள்வி.

பிறகு மரத்தை வெட்டுமுன் கிளைகளை வெட்டினார்கள். எண்ணெய்க் கம்பெனித் தோழர் ஜியாங் ஜியேமின் 2013 செப்டம்பரில் விழுந்தார். போலீஸ் உதவி மந்திரி லீ டோங்ஷெங் டிசம்பரில் விழுந்தார். ஜோ 2013 அக்டோபர் 1-ஆம் தேதி தாம் பயின்ற கல்லூரியின் வருஷ விழாவில் தலைகாட்டினார். அதன்பின் அவரைக் காணோம். எங்கே இருக்கிறார், யார் வைத்திருக்கிறார், எந்தச் சட்டத்தின்படி வைத்திருக்கிறார் என்று கேட்பார் இல்லை. 2014 ஜூலை 29-ஆம் தேதிதான் கட்சியின் ஒழுங்கு விசாரணைக் குழு அவரை விசாரித்து வருவதாக அறிவிப்பு வந்தது. டிசம்பரில் கட்சியிலிருந்து நீக்கிக் கைது செய்ததாக மற்றோர் அறிவிப்பு வந்தது. கட்சி அங்கத்தினரைப் பிடித்து, வக்கீலின்றி, கோர்ட்டு உத்தரவின்றி, “குறித்த இடத்தில் குறித்த காலத்தில்” வைத்து விசாரிக்கும் ஒரு முறை அக்காலத்தில் அங்கே இருந்தது. சட்டப் புத்தகத்தில் அதற்கு ஓர் ஏடும் கிடையாது. பிறரை எத்தனையோ பேரைச் சட்டமில்லாத அறைகளில் வைத்த அமைப்பின் தலைவர், சட்டமில்லாத காவலிலேயே தம்முடைய முறையையும் அடைந்தார்.

2015 மே 22-ஆம் தேதி கதவை மூடிக்கொண்டு விசாரணை நடந்தது. தீர்ப்பின்படி, ஜோவும் அவர் குடும்பத்தாரும் வாங்கிய லஞ்சம் ஏறக்குறைய 13 கோடி யுவான். அவர் தம் பதவியைத் துஷ்பிரயோகம் செய்ததால் பிறர் அடைந்த தகாத லாபம் 213 கோடி யுவானுக்கு மேல். பொதுச் சொத்துக்கு நஷ்டம் 148 கோடிக்கு மேல். இவையன்றி, இரகசியத் தஸ்தாவேஜுகள் ஆறை, சித்து வித்தைக்காரரென்றும் ஆரூடக்காரரென்றும் பேர் பெற்ற ஒருவரிடம் கொடுத்தார் என்பதும் குற்றம். கடவுளை இல்லையென்னும் கட்சியின் பாதுகாப்புத் தலைவர் குறிசொல்பவனைத் தேடிப் போனார் என்றால் நகைக்கத் தோன்றும். ஆனால் நகைப்பதற்கில்லை. நாளைக்குத் தமக்கு என்ன நேருமென்று சட்டத்தைப் பார்த்துத் தெரிந்துகொள்ள முடியாத நாட்டில், ஆரூடக்காரனைவிட நல்ல வக்கீல் கிடைப்பது அரிது.

அந்தக் குற்றப்பத்திரிகையில் உள்ளவற்றைப் பார்த்தோம். இல்லாதவற்றையும் பார்க்க வேண்டும். இரகசியக் கொட்டடிகளில் அடைபட்ட மனுக்காரர்களைப் பற்றி அதில் ஒரு வரி இல்லை. விசாரணையின்றித் திருத்த முகாமுக்குப் போனவர்களைப் பற்றி இல்லை. காணாமற்போன வக்கீல்களைப் பற்றி இல்லை. நீதிபதிகளுக்கு உத்தரவு கொடுத்த காரியதரிசிகளைப் பற்றி இல்லை. சர்க்காரின் பணத்துக்கும் கட்சியின் இரகசியத்துக்கும் செய்த துரோகத்துக்குத்தான் தண்டனை. ஜனங்களுக்குச் செய்த துரோகம் துரோகமென்றே எண்ணப்படவில்லை. நாம் மேலே கூறிய பெரும் பிழை இதுதான். “பெரிய மனிதனைத் தண்டித்தார்கள்” என்று கொண்டாடுபவர்கள், எதற்காகத் தண்டித்தார்கள் என்று கேட்க மறந்துவிடுகிறார்கள்.

நமது கூற்றுக்கு அத்தாட்சி வேண்டுமா? ஜூன் 11-ல் ஜோவுக்குத் தீர்ப்பு. அதற்கு நாலு வாரம் கழித்து, 2015 ஜூலை 9-ஆம் தேதி தொடங்கி, சீன தேசமெங்கும் இருநூறுக்கு மேற்பட்ட வக்கீல்களும் சட்ட ஊழியர்களும் பிடிக்கப்பட்டனர் அல்லது போலீஸாரால் விசாரிக்கப்பட்டனர். ஏழைகளுக்காக வாதாடினார்கள் என்பதே அவர்களிற் பலர் செய்த குற்றம். ஓட்டியவன் மாறினான், செக்கு மாறவில்லை. ஜோவின் இடத்திற்கு வந்தவர்களுக்காவது நிம்மதி கிடைத்ததா? போலீஸ் உதவி மந்திரியும், சர்வதேசப் போலீஸ் சங்கமாகிய இன்டர்போலின் தலைவருமான மெங் ஹோங்வெய் 2018 செப்டம்பரில் சீனா சென்றார், மறைந்தார். 2020-ல் அவருக்குப் பதின்மூன்றரை வருஷத் தண்டனை. மற்றோர் உதவி மந்திரி சுன் லிஜுனும், போலீஸ் இலாகாவில் உயர்ந்து நீதி மந்திரியாகவும் இருந்த பூ செங்ஹுவாவும் 2022 செப்டம்பரில், நிறைவேற்றம் நிறுத்திவைக்கப்பட்ட மரண தண்டனை பெற்றனர். பூ செங்ஹுவா யாரென்றால், ஜோவின் வழக்கைத் துருவியவர்களில் முன் நின்றவராகச் சொல்லப்பட்டவர்!

இது சீனாவுக்கு மட்டும் உரிய விதியுமன்று. ருஷியாவில் ஸ்டாலினுடைய போலீஸ் தலைவர் யகோடா 1938-ல் சுட்டுக் கொல்லப்பட்டார். அவரைப் பிடித்த யெஷோவ் 1940-ல் சுடப்பட்டார். யெஷோவின் இடத்தைப் பிடித்த பெரியா 1953 டிசம்பரில் சுடப்பட்டார். 1934-ஆம் வருஷம் டிசம்பர் முதல் தேதியிட்ட ஒரு சட்டம் ருஷியாவில் இருந்தது. வக்கீல் இல்லை, மேல் விசாரணை இல்லை, தீர்ப்பானவுடன் மரணம் என்பது அச்சட்டம். பெரியாவின் கதையையும் அந்தச் சட்டமே முடித்தது. தான் வெட்டிய குழியில் தானே விழுந்தான் என்று நம் பாட்டிமார் சொல்லும் பழமொழிக்கு இதைவிட நல்ல பாஷ்யம் இல்லை.

எதிர்த்தரப்பையும் நாம் மறைக்கலாகாது. “குழியில் விழுந்தாலும் விழுந்தார்களல்லவா? உங்கள் நாட்டில் எந்தப் போலீஸ் அதிகாரி விழுந்தார்?” என்று ஒருவர் கேட்டால், தூத்துக்குடிக்காரர்களாகிய நாம் உடனே மறுமொழி சொல்லத் தயங்குவோம். தயக்கத்துக்குக் காரணம் உண்டு. 2018 மே 22-ஆம் தேதி, தாமிர ஆலையை மூடக் கோரிக் கலெக்டர் ஆபீஸை நோக்கி நடந்த ஜனங்கள்மீது போலீஸார் சுட்டதில் 13 பேர் மாண்டனர். நீதிபதி அருணா ஜகதீசன் கமிஷன் விசாரித்தது. 2022 அக்டோபரில் அதன் அறிக்கை சட்டசபையில் வைக்கப்பட்டது. ஓடிய ஜனங்கள்மீதும் சுட்டார்கள் என்று அது கண்டது. 17 போலீஸார்மீது நடவடிக்கை எடுக்குமாறு சிபாரிசு செய்தது. 2020 ஜூன் மாதம், நம் ஜில்லாவைச் சேர்ந்த சாத்தான்குளத்தில், கடையை அடைக்கும் நேரம் பற்றிய விவகாரத்தில் பிடிக்கப்பட்ட தந்தையும் மகனும் அடிபட்டு மாண்டனர். அந்தப் போலீஸ் ஸ்டேஷனில் காமிரா இருந்தது. ஆனால் அன்றன்றைய பதிவு அன்றன்றே அழியும்படி வைத்திருந்தார்கள் என்று விசாரித்த மாஜிஸ்ட்ரேட் அறிவித்தார். நமக்கும் கடல் கட்டிகள் இருக்கிறார்கள் என்பதை நாம் ஒப்புக்கொள்ளவே வேண்டும்.

ஆயினும் இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைக் காணாதவர் கண்ணிருந்தும் குருடர். சாத்தான்குளத்தில் நடந்ததை ஹைகோர்ட்டின் மதுரைக் கிளை தானாகவே எடுத்துக்கொண்டது. மாஜிஸ்ட்ரேட் ஒருவர் ஸ்டேஷனுக்குள் சென்றார். பெண் காவலர் ஒருவர் அஞ்சாமல் உண்மையைச் சாட்சியாகச் சொன்னார். அந்தப் போலீஸ் ஸ்டேஷனையே ரெவினியூ அதிகாரிகளின் பொறுப்பில் வைக்கக் கோர்ட்டு உத்தரவிட்டது. வழக்கு மத்திய புலனாய்வு இலாகாவுக்குப் போயிற்று; கொலைக் குற்றம் சாட்டப்பட்டது. அங்கே குற்றப்பத்திரிகையில் எழுதப்பட்டது சர்க்காருக்குச் செய்த நஷ்டமன்று. ஒரு தந்தையையும் மகனையும் அடித்த அடிதான். சீனத்து ஏற்பாட்டில் அந்த மாஜிஸ்ட்ரேட்டும், அந்தப் பெண் காவலரும், அந்த ஹைகோர்ட்டும் ஒரே காரியதரிசிக்குக் கீழே இருந்திருப்பார்கள்.

அந்நியர் ஆண்ட காலத்திலும் இவ்வித்தியாசத்தின் அருமையை இவ்வூர் கண்டிருக்கிறது. 1908-ல் கோரல் ஆலைத் தொழிலாளர் வேலைநிறுத்தத்துக்குத் துணை நின்று, சுதேசிக் கப்பல் ஓட்டிய ஸ்ரீ வ. உ. சிதம்பரம் பிள்ளையவர்களைப் போலீஸார் மார்ச் 12-ல் பிடித்தனர். மறுநாள் திருநெல்வேலியில் ஜனங்கள் பொங்கியெழுந்தபோது துப்பாக்கிப் பிரயோகத்தில் நால்வர் மாண்டனர். ஜூலையில் செஷன்ஸ் ஜட்ஜ் பின்ஹே, பிள்ளையவர்களுக்கு இரட்டை ஆயுள், நாற்பது வருஷம், என்று தண்டனை விதித்தார். அது அநியாயத் தீர்ப்பு. நாம் அதை மறக்கவுமில்லை, மன்னிக்கவுமில்லை. ஆனால் வழக்கு பகிரங்கமாக நடந்தது. ஜட்ஜின் வார்த்தை ஊரெங்கும் பரவி வெட்கத்தை உண்டாக்கிற்று. அப்பீலில் ஹைகோர்ட்டு அதை ஆறு வருஷமாகக் குறைத்தது. செக்கிழுத்தவர் 1912-ல் வெளியே வந்தார். அந்தச் சிறு கதவு அந்நியர் தந்த தயவன்று. வாதாடி வாதாடி, எழுதி எழுதி, நம் முன்னோர் உடைத்துத் திறந்த கதவு. சுயராஜ்யத்தில் அதை விசாலமாக்க வேண்டியவர்கள் நாம். “கதவே வேண்டாம், சட்டென்று ஒருவனைப் பிடித்து உள்ளே தள்ளினால் போதும்” என்று நாமே பேசத் தொடங்கினால், அக்கதவு அடைபட அதிக காலம் ஆகாது.

ஆகவே செய்ய வேண்டியதென்ன? சொல்லிக்கொடுக்கப் புதிதாக ஒன்றுமில்லை. 1996-ல் டி. கே. பாசு வழக்கில், ஒருவனைக் கைது செய்யும்போது போலீஸார் கைக்கொள்ள வேண்டிய முறைகளைச் சுப்ரீம் கோர்ட்டு ஒவ்வொன்றாக எழுதிக் கொடுத்தது. 2006-ல் பிரகாஷ் சிங் வழக்கில், போலீஸார்மீதுள்ள புகார்களை விசாரிக்கத் தனிச்சபை வேண்டுமென்றும், அதன் தலைமையில் ஓய்வு பெற்ற நீதிபதி இருக்க வேண்டுமென்றும் கூறிற்று. நம் ராஜ்யம் 2013-ல் ஒரு சட்டம் இயற்றியது. ஆனால் அச்சபையின் தலைவராக உள்துறைக் காரியதரிசியையே வைத்தது. போலீஸை நடத்தும் இலாகாவின் தலைவரே போலீஸ்மீதான புகாருக்கும் நீதிபதி! சீனத்து ஏற்பாட்டின் விதை இதுதான். விதை சிறியதென்று அலட்சியம் செய்யலாகாது. 2020 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட்டு, எல்லாப் போலீஸ் ஸ்டேஷன்களிலும் காமிரா பொருத்த வேண்டுமென்றும், பதிவுகளைப் பல மாதம் பாதுகாக்க வேண்டுமென்றும் கட்டளையிட்டது. அவ்வுத்தரவு நம் ஊர் ஸ்டேஷனில் நடக்கிறதா என்று கேட்பது நமது சட்டசபை மெம்பர்களின் கடமை. அவர்களைக் கேட்கச் செய்வது வாசகர்களாகிய உங்கள் கடமை. கமிஷன்களின் சிபாரிசுகள் அலமாரியில் உறங்காமல் கோர்ட்டுக்குப் போய்ச் சேருகின்றனவா என்று விடாமல் கேட்பது பத்திரிகைகளாகிய எங்கள் கடமை.

முத்துக்குளிப்பு இக்கரையில் 1961-ஆம் வருஷத்தோடு நின்றுபோயிற்று. சங்கு குளிப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அந்தப் பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள். ஆழத்தில் இறங்குபவனைக் காப்பாற்றியது கடல் கட்டியின் மந்திரமன்று. மேலே படகில் இருப்பவன் கையிலிருந்த கயிறு. கீழே மூச்சு முட்டி அவன் கயிற்றை அசைத்தால் மேலே இருப்பவன் இழுக்க வேண்டும். அதனால்தான் தன் மைத்துனனையே கயிறு பிடிக்க வைப்பார்கள் என்று இக்கரையில் சொல்வதுண்டு. தங்கையின் தாலியை நினைத்தாவது கையை விடமாட்டானென்று!

பகிரங்க விசாரணை, வக்கீல், சுதந்திர நீதிபதி, பத்திரிகை ஆகிய இவையே ராஜ்யத்தில் அந்தக் கயிறு. ஜோ யோங்காங் தம் பத்து வருஷ அதிகாரத்தில் பிறர் பிடித்திருந்த கயிறுகளையெல்லாம் ஒவ்வொன்றாக அறுத்தார். பின்னர் தாமே ஆழத்தில் விழுந்து அசைத்துப் பார்த்தபோது, மேலே பிடித்திருக்க ஆளில்லை. அவருக்காக நாம் கண்ணீர் வடிக்க வேண்டியதில்லை. அவர் அறுத்த கயிற்றின் மறுநுனியில் பேர் தெரியாமல் மூழ்கிப்போன எத்தனையோ மனுக்காரர்களை நினைத்துக்கொண்டு, நம் கையிலிருக்கும் கயிறு நைந்திருக்கிறதா என்று பார்த்துக்கொள்வதே நமக்கு அழகு.